இளிவரலும் அச்சமும்: 'சைலண்ட் ஹில் 2' காட்டும் பகையுருக்கள்

அச்சம் உயிர்கட்கெல்லாம் பொதுவாகிய உணர்ச்சி. ஆயினும் எதனைக் கண்டு அஞ்சுகின்றோம் என்பது அவரவர் வாழ்வையும் உள்ளத்தையும் பொறுத்தது. ஆதலின், அச்சத்தைப் பொருளாகக் கொண்ட கலைப்படைப்பு எதுவாயினும், அஞ்சப்படும் பொருளை மட்டும் காட்டி அமைதல் போதாது. அஞ்சுவோன் யாவன், அவன் அஞ்சுதற்குக் காரணம் யாது என்பவற்றையும் அது உடன்காட்ட வேண்டும். முன்னதை மட்டும் காட்டுவது வேடிக்கை. இரண்டனையும் இயைத்துக் காட்டுவதே கலை.

இவ்வளவுகோலைக் கொண்டு வீடியோ விளையாட்டு ஒன்றினை ஆராய்வது இக்கட்டுரையின் நோக்கம். விளையாட்டினை இலக்கிய ஆராய்ச்சிக்குப் பொருளாக்குதல் தகுமோ என ஐயுறுவார் இருக்கலாம். கதையும் பாத்திரமும் உரையாடலும் காட்சியும் கொண்டு, காண்பார் உள்ளத்தில் ஒரு சுவையைத் தோற்றுவிக்கும் படைப்பு எந்தக் கருவியின் வழி வரினும் திறனாய்வுக்கு உரியதே. கருவியின் புதுமை ஆராய்ச்சிக்குத் தடையாகாது. அக்கருவி தனக்கெனக் கொண்டுள்ள இயல்புகளை மறவாது நோக்குதல் மட்டும் வேண்டும்.

1. விளையாட்டின் வகை

வீடியோ விளையாட்டுகளுள் 'சர்வைவல் ஹாரர்' என்பது ஒரு வகை. அச்சம் நிறைந்த சூழலில் உயிர்பிழைத்தலையே நோக்கமாகக் கொண்டமையின் இப்பெயர் பெற்றது. இவ்வகையில் ஆடுவோன் ஆற்றல் மிக்க வீரனாக நிற்பதில்லை. அவன் கையிலுள்ள படைக்கலமும் குண்டும் மருந்தும் சிலவே. பகையை வெல்லுதலினும் பகைக்குத் தப்புதலே பல இடங்களில் அறிவுடைமையாகும். 1992ஆம் ஆண்டில் வெளிவந்த 'அலோன் இன் தி டார்க்' இவ்வகைக்கு முன்னோடிகளுள் ஒன்று. 1996ஆம் ஆண்டில் ஜப்பானியக் கேப்காம் நிறுவனம் வெளியிட்ட 'ரெசிடெண்ட் ஈவில்' வகைக்குரிய பெயரையும் நெறியையும் உலகறியச் செய்தது.

'ரெசிடெண்ட் ஈவில்' காட்டும் பகையுருக்கள் ஆய்வுக்கூடத்துக் கிருமியால் விளைந்தவை. அவற்றின் தோற்றத்திற்குரிய காரணம் முழுவதும் புறத்தே உள்ளது. கதைத்தலைவனாக யார் நின்றாலும் அவ்வுருக்கள் அவ்வாறே இருக்கும். அவனுடைய வாழ்வுக்கும் அவற்றின் வடிவுக்கும் யாதொரு தொடர்பும் இல்லை. ஆகவே, அவை வழியில் நிற்கும் தடைகளேயன்றிப் பாத்திரங்கள் அல்ல.

இந்நிலையினின்றும் வேறுபட்டு நிற்பது, கொனாமி நிறுவனத்தார் 2001ஆம் ஆண்டில் வெளியிட்ட 'சைலண்ட் ஹில் 2'. மசாஷி சுபோயாமா இதன் இயக்குநர். ஹிரோயுகி ஒவாகு கதையுரை எழுதினார். அகிரா யமவோகா இசையமைத்தார். பகையுருக்களை வடிவமைத்தவர் மசாஹிரோ இத்தோ. இவ்விளையாட்டின் பகையுரு ஒவ்வொன்றும் ஒரு மனிதனின் உள்ளத்திலிருந்து பிறந்தது. இதனை ஆடியோர் பலரும் அறிவர். ஆயின், அவ்வுருக்களைக் 'குற்றத்திற்குக் கிடைத்த தண்டனை' என ஒரே சொல்லால் முடித்துவிடுவது பலரிடம் காணப்படும் வழக்கம். அம்முடிபு குறைபாடுடையது என்பதும், ஒரு பாத்திரத்தின் திறத்தில் அநீதியுமாகும் என்பதும் ஈண்டு நிறுவப்படும்.

2. கதைச் சுருக்கம்

ஜேம்ஸ் சண்டர்லண்ட் என்பவனுக்கு அவன் மனைவி மேரியிடமிருந்து கடிதம் ஒன்று வருகின்றது. சைலண்ட் ஹில் என்னும் அமெரிக்க ஏரிக்கரை ஊரில், தாம் இருவர்க்கும் உரிய இடத்தில், அவனுக்காகக் காத்திருப்பதாக அவள் எழுதியிருக்கின்றாள். ஆனால் மேரி நோயுற்று இறந்து மூன்றாண்டுகள் ஆயின என்பது அவன் எண்ணம். இறந்தவள் எழுதிய கடிதத்தைக் கையிற்கொண்டு அவன் மூடுபனி சூழ்ந்த அவ்வூருக்குள் புகுகின்றான்.

ஊரில் அவன் காணும் மாந்தர் நால்வர். தாயைத் தேடி அலையும் ஏஞ்சலா என்னும் இளம்பெண் ஒருத்தி. ஊரார் ஏளனத்தால் நொந்து கொலைஞனாகிய எட்டி என்பவன் மற்றொருவன். மேரியை மருத்துவமனையில் அறிந்து அன்பு கொண்ட லாரா என்னும் எட்டு வயதுச் சிறுமி மூன்றாமவள். மேரியின் முகமும் வேறொரு பெண்ணின் நடையுடை பாவனையும் கொண்ட மரியா நான்காமவள். இறுதியில், தாம் முன்னர்த் தங்கிய விடுதி அறையில் ஒரு வீடியோ நாடாவை ஓடவிட்டுக் காணும்போது ஜேம்ஸ் உண்மையை உணர்கின்றான். மேரியை நோய் கொல்லவில்லை. படுக்கையில் கிடந்த அவளைத் தலையணையால் அழுத்தி மூச்சடக்கிக் கொன்றவன் அவனே.

இவ்வுண்மை வெளிப்பட்ட பின்னர், தொடக்கத்திலிருந்து அவன் கண்ட பகையுருக்கள் யாவும் வேறொரு பொருள் பெறுகின்றன. ஆதலின் இவ்விளையாட்டு இருமுறை காணத்தக்கது. முதன்முறை அச்சம் மிகும். இரண்டாம் முறை இரக்கமும் வெறுப்பும் அதனோடு கலக்கும்.

3. தொல்காப்பியர் தரும் அளவுகோல்

மெய்ப்பாட்டியலில் தொல்காப்பியர் அச்சத்திற்கு நான்கு நிலைக்களன்களைக் கூறுவர்: அணங்கு, விலங்கு, கள்வர், தம் இறை. முதல் மூன்றும் எளிதில் விளங்குவன. நான்காவதாகிய 'தம் இறை' சிந்தனைக்குரியது. உரையாசிரியர் இதனை அரசன் என்ற அளவில் நிறுத்தாமல் தந்தையையும் ஆசிரியரையும் அதனுள் அடக்குவர். அணங்கும் விலங்கும் கள்வரும் நம்மைத் துன்புறுத்த உரிமை உடையவர் அல்லர், வலிமையே உடையவர். இறையோ, நம்மை ஒறுக்கும் உரிமை உடையவர். ஆகவே இறையிடத்துத் தோன்றும் அச்சம் பிற அச்சங்களின் வேறானது. நம் பிழையை நாமே அறிந்திருத்தல் அதற்கு அடிப்படையாதலும் உண்டு.

அச்சத்தோடு வைத்து எண்ணத்தக்க மற்றொரு மெய்ப்பாடு இளிவரல். மூப்பு, பிணி, வருத்தம், மென்மை என்பன அதன் நிலைக்களன்கள். பிணியுற்ற உடம்பைக் கண்டவிடத்து உள்ளம் ஒதுங்குதல் மனித இயல்பு எனக் கண்டமையாலேயே ஆசிரியர் பிணியை அவ்வரிசையில் வைத்தார் எனலாம். அவ்வொதுக்கத்தினைக் கடந்து அன்பு நிற்குமா என்பதே ஜேம்ஸின் கதை எழுப்பும் வினா.

இவ்விரண்டு மெய்ப்பாடுகளையும் அளவுகோலாகக் கொண்டு நோக்கின், 'சைலண்ட் ஹில் 2' காட்டும் பகையுருக்கள் இரு பிரிவாக அமைதல் புலனாகும். ஒரு பிரிவு இளிவரலிற் பிறந்தது. மற்றொன்று இறையச்சத்திற் பிறந்தது. இரண்டும் அணங்கின் கோலம் பூண்டு வருதலே இப்படைப்பின் சூழ்ச்சி.

4. பிணியிற் பிறந்த உருக்கள்

ஜேம்ஸ் முதலில் எதிர்ப்படும் பகையுரு 'லையிங் ஃபிகர்' எனப்படும் கிடக்கும் உரு. அதன் கைகள் தன் தோலாலேயே மார்போடு பிணிக்கப்பட்டாற் போலத் தோன்றும். முகம் தெளிவுற இல்லை. தள்ளாடி நடக்கும், வீழ்ந்தவிடத்துத் தரையில் நெளிந்து துடிக்கும். நோய்ப்படுக்கையில் கட்டுண்டு நெளியும் உடம்பினை நினைவூட்டுவதன்றி, வெட்டும் நகமோ கடிக்கும் பல்லோ அதற்குச் சிறப்பாகக் கூறப்படவில்லை. அஞ்சத்தக்க வலிமை அதனிடத்து மிகுதியாக இன்மை நோக்கற்பாலது. அது காண்போனிடத்து முதலில் எழுப்புவது இளிவரலே.

அடுத்து வருவது 'மேனிக்வின்' என்னும் பொம்மையுரு. இடுப்பின்கீழ் இரு கால்களும், தலையும் தோளும் இருக்கவேண்டிய இடத்தில் மேலும் இரு கால்களும் கொண்டது. ஓர் அறையில் மேரியின் ஆடையை ஒத்த உடை அணிவிக்கப்பட்ட தையற்காரர் பொம்மை நிற்கின்றது. அதிலிருந்தே ஜேம்ஸ் கைவிளக்கினை எடுக்கின்றான். அவ்விருளில் அதன் அருகே அசைவற்று நின்ற பகையுரு, விளக்கு ஏற்றப்பட்ட பின்னர் எழுந்து வருகின்றது. மனைவியின் ஆடை ஒருபுறம். முகமும் மனமும் நீக்கப்பட்டு உறுப்பு மட்டும் எஞ்சிய பெண்ணுடல் மறுபுறம். நெடுநாள் நோயால் இன்பம் இழந்த கணவனின் உள்ளம், அன்பை ஆடையிலும் வேட்கையை உறுப்பிலும் பிரித்து வைத்த நிலையை இக்காட்சி சொல்லின்றிச் சுட்டுகின்றது.

புருக்ஹேவன் மருத்துவமனையில் வரும் செவிலியுருக்கள் வீங்கிய முகமும் கவர்ச்சியான உடையும் ஒருங்கே உடையன. அங்கேயே, 'ஃபிளெஷ் லிப்' என்னும் உரு இரும்புச் சட்டம் ஒன்றினுள் தொங்குகின்றது. அச்சட்டம் கட்டிலின் வடிவை ஒத்தது. இறுதியில் ஜேம்ஸ் எதிர்த்து நிற்கும் மேரியின் உருவும் இவ்வாறே ஒரு சட்டத்தினுள் தொங்கி வருகின்றது. நெளியும் உடம்பு, மருத்துவமனை, கட்டிற்சட்டம் என இவ்வுருக்கள் அனைத்தும் ஓரிடத்தையே சுட்டுகின்றன. அவ்விடம் மேரி மாண்ட படுக்கை. கொலை எங்கு நிகழ்ந்தது என்பதைக் கதை கூறுதற்கு முன்னரே பகையுருக்கள் கூறிவிடுகின்றன. ஜேம்ஸ் மறந்ததை அவன் கண்கள் மறக்கவில்லை.

இம்முடிபுக்குத் தலையாய சான்று கதையின் இறுதிப் பகுதியில் உள்ளது. விடுதியின் நடைவழி ஒன்றில் ஜேம்ஸ் செல்லும்போது மேரியின் பழைய குரல் கேட்கின்றது. மலர் கொண்டு வந்த கணவனை அவள் சினந்து விரட்டுகின்றாள். நோயும் மருந்தும் தன்னை ஒரு கொடிய உருவாக்கிவிட்டன என நொந்து உரைக்கின்றாள். உடனே மனம் கரைந்து, தன்னை விட்டுப் போகவேண்டா என இரக்கின்றாள். 'கொடிய உரு' என்னும் சொல்லை முதலிற் கூறியவள் மேரியே. ஊர் முழுதும் திரியும் பகையுருக்கள், அவள் தன்னைப் பற்றிக் கூறிய அச்சொல்லை ஜேம்ஸின் உள்ளம் மறுக்காது ஏற்றுக்கொண்டதன் விளைவுகள்.

5. இறையச்சமும் பிரமிடுத் தலையனும்

இவ்வுருக்களினின்றும் முற்றும் வேறுபட்டது, 'பிரமிட் ஹெட்' எனப் பெயர்பெற்ற ஆணுரு. முகம் இருக்கவேண்டிய இடத்தை மறைத்து, கூர்ங்கோணங்களையுடைய செந்நிற உலோகக் கவசம் ஒன்று நிற்கின்றது. கையில், தூக்குதற்கரிய பெருங்கத்தி தரையில் இழுபட்டு ஒலிக்கின்றது. முகமூடி அணிவித்த முதல் வரைவு மனிதனைப் போலவே தோன்றியமையின் அதனை விடுத்ததாகவும், கூரிய கோணங்கள் வலியைக் குறிப்பால் உணர்த்தும் எனக் கருதி இவ்வடிவைக் கொண்டதாகவும் வடிவமைத்த இத்தோ விளக்கியுள்ளார்.

இவ்வுருவை ஜேம்ஸ் முதலிற் காணுமிடம் அடுக்ககம் ஒன்றின் நடைவழி. கம்பிகளுக்கு அப்பால், செவ்வொளியில் அது அசையாது நின்று அவனை நோக்குகின்றது, தாக்கவில்லை. பகையின் இயல்பு தாக்குதல். நடுவனின் இயல்பு நோக்குதல். அச்சத்தின் நிலைக்களன் இங்கே அணங்கினின்றும் இறைக்கு மாறுகின்றது. ஊர்வரலாற்றுக் கூடத்தில் தொங்கும் ஓவியம் ஒன்றும் இவ்வுருவையே காட்டுகின்றது. இதனால் இவ்வுரு அவ்வூரின் பழைய கொலைத்தண்டனையாளரின் கோலம் பூண்டது என்பது பெறப்படும். ஒறுக்கும் உரிமை உடையவன் என்ற குறிப்பு அவன் தோற்றத்திலேயே அமைந்துள்ளது.

அவன் செய்யும் செயல் யாது? ஜேம்ஸின் கண்முன்னே மரியாவைக் கொல்லுகின்றான். அவள் மீண்டும் உயிரோடு தோன்றுகின்றாள், மீண்டும் மாள்கின்றாள். மேரியின் முகமுடைய ஒருத்தி திரும்பத் திரும்பச் சாவதையும், தான் ஒன்றும் செய்ய இயலாது நிற்பதையும் ஜேம்ஸ் காணவேண்டியவனாகின்றான். தான் செய்த கொலையைத் தான் காணும் கொலையாக மாற்றிக் கொள்ளுதல் இது. இக்காட்சிகளில் அவனுக்கு ஒறுப்பும் உண்டு. பழி பிறிதொருவனைச் சேர்தலின் ஆறுதலும் உண்டு.

நாடாவைக் கண்டு உண்மையை ஏற்ற பின்னர், இருவராக வந்து நிற்கும் பிரமிடுத் தலையரை நோக்கி ஜேம்ஸ் பேசுகின்றான். தன் மெலிவால் தன்னை ஒறுப்பார் ஒருவர் தனக்கு வேண்டியிருந்தது எனவும், உண்மையை அறிந்தபின் அது வேண்டா எனவும் அவன் உரைப்பதன் பொருள். அதன்பின் அவ்வுருக்கள் தம் ஈட்டியால் தம்மையே மாய்த்துக் கொள்ளுகின்றன. ஜேம்ஸின் குண்டு அவற்றைக் கொன்றிலது. தொல்காப்பியர் கூறும் நான்கு நிலைக்களன்களும் அஞ்சுவோனுக்குப் புறத்தே நிற்பன. இப்படைப்போ இறையை அஞ்சுவோனின் அகத்தே வைத்தது. தன் குற்றத்தைத் தானே ஏற்ற ஒருவனுக்குப் புறத்தே ஓர் இறை வேண்டாததாயிற்று.

6. ஏஞ்சலாவின் பகையுரு

இதுகாறும் கூறியவற்றால், பகையுருக்கள் குற்றத்தின் தண்டனை என்னும் கருத்து உறுதிப்படுவது போலத் தோன்றலாம். ஏஞ்சலாவின் கதை அம்முடிபினைத் தடுத்து நிறுத்துகின்றது.

ஏஞ்சலா தந்தையாற் பெருங்கொடுமைக்கு உள்ளாக்கப்பட்டவள். அவளுடைய பகையுரு 'ஆப்ஸ்ட்ராக்ட் டாடி' எனப்படும். தோற்போர்வையின் கீழ் இரண்டு உடம்புகள் ஒரு கட்டிற்சட்டத்தோடு ஒட்டிக் கிடப்பது போன்ற வடிவம் அது. அதன் பெயரே தந்தையைச் சுட்டுகின்றது. உரையாசிரியர் தந்தையை 'இறை'யுள் அடக்கினமை ஈண்டு நினைக்கத்தக்கது. காக்கும் கடமையும் ஒறுக்கும் உரிமையும் உடைய இறையே கள்வனும் விலங்கும் ஆயினமையால், அச்சத்தின் நிலைக்களன்கள் ஒன்றோடொன்று கலந்து பிரிக்க இயலாதனவாயின. ஏஞ்சலாவின் துயரம் இதனுள் அடங்கும். இவ்வச்சத்தில் அவள் பிழை ஏதும் இல்லை.

பகையுரு வீழ்ந்த பின்னரும் ஏஞ்சலா அதனைக் காலால் உதைக்கின்றாள். தொலைக்காட்சிப் பெட்டியைத் தூக்கி அதன்மேல் எறிகின்றாள். பின்னர், தீப்பற்றி எரியும் மாடிப்படியில் அவளை ஜேம்ஸ் இறுதியாகச் சந்திக்கும்போது, தனக்கு நேர்ந்தவை தனக்குத் தகும் எனத் தன் தாயே கூறியதாக அவள் சொல்லுகின்றாள். ஜேம்ஸ் அது தவறு என மறுக்கின்றான். இச்சிறு மறுப்பு படைப்பின் அறத்தைத் தாங்கி நிற்பது. 'பகையுரு தண்டனையே' எனப் பொதுவிதி வகுப்போர், தம்மை அறியாமலே அத்தாயின் பக்கம் சேர்கின்றனர். துன்புறுத்தியவனுக்குத் தோன்றும் உருவும் துன்புற்றவளுக்குத் தோன்றும் உருவும் வடிவால் ஒக்கலாம், காரணத்தால் ஒவ்வா. முன்னது அவன் செய்ததைக் காட்டுகின்றது. பின்னது அவளுக்குச் செய்யப்பட்டதைக் காட்டுகின்றது. இரண்டற்கும் பொதுவாகக் கூறத்தக்க சொல் 'தண்டனை' அன்று; 'சான்று' என்பதே.

மேலும் ஒன்று உண்டு. ஏஞ்சலாவின் பகையுருவை ஜேம்ஸும் காண்கின்றான். அவ்வறையை விட்டு நீங்கிய பின்னர், விடுதியில் அவ்வுருவின் சிறு வடிவங்கள் அவனுக்கு எதிர்ப்படுகின்றன. கட்டிலின்கண் ஒரு பெண்ணின் உயிரை அடக்கிய தனக்கும், மகளைக் கட்டிலின்கண் வருத்திய அத்தந்தைக்கும் இடையே உள்ள ஒப்புமையை அவன் உள்ளம் உணரத் தொடங்கிற்று எனக் கொள்ளுதல் பொருந்தும். ஆயினும், எரியும் படியில் தன்னைக் காத்து அன்புசெய்ய வல்லையோ எனக் குறிப்பாக வினவும் ஏஞ்சலாவுக்கு விடைகூற அவனிடம் சொல் இல்லை. அவள் தீயினுள் ஏறிச் செல்லுகின்றாள். குற்றம் செய்தவனுக்கு ஊரை விட்டு நீங்கும் வழி ஒன்று இருக்க, குற்றத்துக்கு இரையானவளுக்கு அத்தகைய வழி ஒன்றும் வைக்கப்படவில்லை. இதனைப் படைப்பின் உண்மை என்பதா, குறை என்பதா? உலகியலின் உண்மையைக் காட்டியது என்பார் கூற்றில் பொருள் உண்டு. எனினும் ஏஞ்சலாவின் முடிவு, ஜேம்ஸின் தெளிவிற்குப் படியாகப் பயன்படுத்தப்பட்டது என்னும் குற்றச்சாட்டு முழுவதும் நீங்குவதாக இல்லை.

7. லாரா: பகையுரு காணாத கண்

இளிவரலிற் பிறந்த உருக்களைப் பற்றி ஒரு தடை எழுதல் கூடும். நோயுற்ற உடம்பையும் பெண்ணுடம்பையும் பகையுருக்களாக்கி, ஆணி அறைந்த பலகையாலும் இரும்புக் குழாயாலும் அவற்றை அடிக்கச் செய்தல், நோயாளரைப் பழிப்பதாகாதோ? இது புறந்தள்ளத்தக்க தடை அன்று. பகையுரு பிணியின் உண்மை வடிவம் என இப்படைப்புக் கருதியிருப்பின், அப்பழி அதனைச் சாரும்.

அதற்கு விடையாக நிற்பவள் லாரா. பகையுருக்கள் நிறைந்த அவ்வூரில் அச்சிறுமி தனியே ஓடியாடித் திரிகின்றாள். மருத்துவமனையில் அவளைக் கண்ட ஜேம்ஸ், உடம்பில் ஒரு கீறலும் இன்றி அவள் இருப்பதற்கு வியப்படைகின்றான். தனக்கு ஏன் கீறல் உண்டாகவேண்டும் என்பது போல அவள் விடையிறுக்கின்றாள். அவளுக்கு அவ்வூரில் எப்பகையும் இல்லை.

சிறுமி ஆதலின் குற்றமற்றவள். ஆகவே பகையுரு இல்லை என்பது பொதுவாகக் கூறப்படும் விளக்கம். அது மெய்யே, ஆனால் அவ்வளவில் அமைதல் போதாது. லாரா மேரியை அறிந்தது மருத்துவமனையில். ஜேம்ஸ் கண்ட அதே நோயுற்ற உடம்பை அவளும் கண்டாள். அவன் கண்டு ஒதுங்கினான். அவள் கண்டு நட்புக் கொண்டாள். பொருள் ஒன்று, காணும் கண் வேறு. ஆகவே கொடுமை மேரியின் உடம்பில் இல்லை. ஜேம்ஸின் பார்வையில் உள்ளது. லாரா என்னும் பாத்திரம் இல்லையெனில் இப்படைப்பு நோயாளரைப் பழித்த படைப்பாகவே முடிந்திருக்கும். அவள் ஒருத்தி இருத்தலால் அது நோயாளரைக் கைவிட்டவனைப் பற்றிய படைப்பாயிற்று.

8. ஆடுவோனின் மெய்ப்பாடு

உள்ளத்து நிகழ்ச்சி உடம்பின் வழியாகப் புறத்தார்க்குப் புலனாதலே மெய்ப்பாடு. இவ்விளையாட்டு அவ்விலக்கணத்தை ஆடுவோன் மேலும் செலுத்துகின்றது. இதற்கு முடிவுகள் பல. எம்முடிவு வாய்க்கும் என்பதை ஆடுவோன் வெளிப்படையாகத் தெரிந்தெடுப்பதில்லை. அவன் நடந்துகொண்ட முறையே முடிவு செய்கின்றது. புண்பட்ட உடம்புக்கு மருந்திடாது நெடுநேரம் அலைந்தானா, ஏஞ்சலா கொடுத்த கத்தியை எடுத்து எடுத்து நோக்கினானா, மரியாவின் அருகில் விடாது நின்றானா, மேரியின் படத்தையும் கடிதத்தையும் எடுத்துப் பார்த்தானா என்பன போன்ற குறிப்புகள் எண்ணப்படுகின்றன. உடம்பைப் பேணாது கத்தியை நோக்கியவனுக்கு ஜேம்ஸ் ஏரியில் மாயும் முடிவு நெருங்குகின்றது. உயிரைப் பேணி மேரியை நினைந்தவனுக்கு அவன் ஊரை விட்டு நீங்கும் முடிவு நெருங்குகின்றது.

நூலிலும் நாடகத்திலும் நாம் பாத்திரத்தின் மெய்ப்பாட்டைக் கண்டு அதன் உள்ளத்தை அறிகின்றோம். இங்கே படைப்பு நம் மெய்ப்பாட்டைக் கண்டு நம் உள்ளத்தைக் கணிக்கின்றது. கம்பிக்கு அப்பால் நின்று நோக்கிய பிரமிடுத் தலையனைப் போல, படைப்பும் சொல்லாமல் நம்மை நோக்கிக் கொண்டிருந்தது என்பதை இறுதியில் உணர்கின்றோம். ஏனைய கலைகட்கு எளிதிற் கூடாத இத்திறம் விளையாட்டுக்கே உரியது.

9. இடம்பெயர்ந்த பகையுரு

பகையுருவின் பொருள் அதனைக் காண்போனின் காரணத்தில் உள்ளது என்னும் முடிபுக்குப் பிற்கால வரலாறும் துணைசெய்கின்றது. பிரமிடுத் தலையன் பெற்ற புகழ் காரணமாக அவ்வுரு ஜேம்ஸின் கதையினின்றும் பிரித்தெடுக்கப்பட்டது. கிறிஸ்தோஃப் கான்ஸ் இயக்கி 2006ஆம் ஆண்டில் வெளிவந்த 'சைலண்ட் ஹில்' திரைப்படத்தில் ஜேம்ஸ் இல்லை. அவ்வுரு மட்டும் உண்டு. 2008ஆம் ஆண்டின் 'சைலண்ட் ஹில்: ஹோம்கமிங்' விளையாட்டிலும் அவ்வடிவம் வேறு கதைக்குள் வந்தது. 2020ஆம் ஆண்டில் 'டெட் பை டேலைட்' என்னும் விளையாட்டில், ஆடுவோன் ஏற்று நடத்தும் கொலைஞருள் ஒருவனாகவும் ஆயிற்று.

இவ்விடங்களில் உருவம் மாறவில்லை; பெருங்கத்தியும் கூர்ந்த தலையும் அவ்வாறே உள்ளன. அச்சமும் ஓரளவு உண்டு. ஆனால் அது இறையச்சம் அன்று, வெறும் அணங்கச்சம். ஒறுக்கப்படவேண்டியவன் நீங்கியமையால் ஒறுப்பவனின் உரிமையும் நீங்கிற்று. எஞ்சியது வலிமை மட்டுமே. இதனை நோக்கின், இத்தோ அவ்வுருவைப் படைக்காதிருந்திருக்கலாம் எனப் பிற்காலத்தில் வெறுப்புத் தோன்றக் கூறியதன் காரணம் ஓரளவு விளங்கும். போலந்து நாட்டு ப்ளூபர் டீம் நிறுவனம் மீளச்செய்து 2024ஆம் ஆண்டில் வெளியிட்ட 'சைலண்ட் ஹில் 2' அவ்வுருவை மீண்டும் ஜேம்ஸிடம் சேர்த்தமையின், புதிய காட்சி நுட்பங்கட்கிடையேயும் அதன் பழைய பொருள் திரும்பிற்று.

10. முடிவுரை

'சைலண்ட் ஹில் 2' காட்டும் பகையுருக்கள் அணங்கின் கோலத்தில் வந்தாலும், அவற்றுட் சில பிணிகண்டு ஒதுங்கிய இளிவரலிற் பிறந்தவை; சில தம் இறையை அஞ்சும் அச்சத்திற் பிறந்தவை. ஏஞ்சலாவின் அச்சத்தில் குற்றம் அவளுடையதன்று, அவள் தந்தையுடையது. ஆதலின் பகையுரு எல்லாவற்றையும் தண்டனை எனக் கொள்ளுதல் பொருந்தாது. சான்று எனக் கொள்ளுதலே எல்லாவற்றிற்கும் ஒக்கும். நோயுற்றார் பகையுரு ஆகார் என்பதை லாராவின் கண் நிறுவுகின்றது.

அன்புடையார் பிணியுற்ற காலத்து, அவர் அருகில் நெடுநாள் இருந்தோர் யாவரும் ஒரு நொடியேனும் சலிப்புற்றிருப்பர். அச்சலிப்புக் குற்றமன்று, மனித இயல்பு. அதனை மறைத்து, மறந்து, தான் என்றும் அன்பனாகவே இருந்ததாகத் தனக்குத்தானே கதைகட்டிக் கொண்டமையாலேயே ஜேம்ஸின் உலகம் பகையுருக்களால் நிறைந்தது. மேரியின் படுக்கையருகே இறுதியில் நின்று, தன் உள்ளத்தின் ஒரு கூறு அவளை வெறுத்தது உண்மை என அவன் ஒப்புக்கொள்ளும்போது, அவள் மீண்டும் மேரியின் முகத்தோடு அவனை நோக்குகின்றாள்.